மாடிப்படி வசனம்

ஜப்பானிய மொழி படித்தால் எந்த ஊருக்குப் போகலாம் என்று கேட்டால் எல்லோரும் டோக்கியோ என்பார்கள். பதினோரு வருஷம் சென்னையில் உட்கார்ந்து மோட்டார் உதிரிபாகக் கம்பெனிகளுக்கு மொழிபெயர்த்துக்கொண்டிருந்த என்னை அந்த மொழி முதன்முதலில் விமானம் ஏற்றி அனுப்பியது கத்தாருக்கு. ராஸ் லஃபானில் எரிவாயு ஆலை கட்டிக்கொண்டிருந்த காலம், இரண்டாயிரத்து ஏழு வாக்கில். ஜப்பானியப் பொறியாளர்கள் சொல்லும் பாதுகாப்பு விதிகளைத் தமிழ்த் தொழிலாளிகளுக்குத் தமிழில் சொல்ல ஓர் ஆள் வேண்டும், எட்டு நாள் வேலை என்றார்கள்.

நான் சுபாவத்திலேயே பயந்தவன். பக்கத்து வீட்டு குக்கர் விசில் அடித்தால் எங்கள் வீட்டு அடுப்பை அணைத்துவிட்டு வருகிற ரகம். கிளம்புவதற்கு முந்தின நாள் யாரோ, "அங்க கசகசா போதைப்பொருள் கணக்கு, கொண்டு போனா ஜெயில்தான், தெரியுமில்ல?" என்று கொளுத்திப் போட்டுவிட்டுப் போனார். என் மனைவி கீதா கட்டிக் கொடுத்த குருமாப் பொடியில் கசகசா உண்டா என்று கேட்டேன். "குருமாவுல கசகசா போடாம கருங்கல்லையா போடுவாங்க?" என்றாள். சென்னை விமான நிலையக் குப்பைத் தொட்டியில் அந்தப் பொட்டலத்தைப் போட்ட பிறகும், பையில் நாலு கசகசா மணி ஒட்டியிருக்குமோ என்று தோஹா போய் இறங்கும்வரை பையைத் திறந்து திறந்து தடவிப் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

என்னை அழைத்துப் போக வேனோடு வந்தவர் தவம். சாவகச்சேரிக்காரர், ஒன்பது வருஷமாக அங்கே டிரைவர். போகிற வழியில் ஒரு கடை முன்னால் நிறுத்தி ஹாரன் அடித்தார். நாங்கள் இறங்கவே இல்லை. ஜன்னல் வழியாக ஏலக்காய் மணக்கும் கரக் டீயும் முட்டை வைத்துச் சுருட்டிய பரோட்டாவும் வந்தன. எங்கள் தெருமுனைக் கடையில் நேரில் நின்று தொண்டை வற்றக் கத்தினாலும் டீ வராது. "இஞ்ச நடக்கிற ஆக்கள் இல்லை. தேத்தண்ணிக்கும் கார்தான்" என்றார் தவம்.

ராஸ் லஃபான் ஆலை வாசலில் என்னை இறக்கிவிட்டார். ஜப்பானியக் குழுவோடு சேர்த்து என் பெயரையும் அனுப்பிய யாரோ, என் அடையாள அட்டையில் நாடு என்ற இடத்தில் ஜப்பான் என்று அடித்துவிட்டார். காவலர் நேபாளி. அட்டையைப் பார்த்தார், என் மீசையைப் பார்த்தார், மறுபடியும் அட்டையைப் பார்த்தார். "நீ ஜப்பானியா, பாய்?" என்று இந்தியில் கேட்டுவிட்டு உள்ளே இருந்த இரண்டு பேரையும் கூப்பிட்டுக் காட்டினார். அவர்கள் சிரிக்கச் சிரிக்க எனக்கு வேர்த்துக் கொட்டியது. ஆள்மாறாட்டம் என்று உள்ளே போட்டுவிடுவார்களோ என்று இரண்டு மணி நேரம் அந்தத் தகரக் கூரையடியில் நின்றேன். கடைசியில் அட்டை திருத்தி வந்தது. அதற்குள் தவம் தொழிலாளர்கள் தங்கும் கேம்ப் முழுக்கக் கதையைப் பரப்பிவிட்டார். அன்று சாயங்காலத்திலிருந்து நான் எல்லோருக்கும் ஜப்பான் சார்.

ஜப்பானியர்களுக்குத் தனி வீடுகள். என்னைத் தொழிலாளர் கேம்ப் பக்கத்தில் ஒரு தகர அறையில் போட்டார்கள். மெஸ் மலையாளிகளுடையது. குடம்புளி போட்ட மீன்குழம்பும் குண்டு அரிசிச் சோறும் வயிற்றுக்குப் பழக இரண்டு நாள் ஆனது. எல்லாமே தட்டையான ஊர். பார்க்கிற இடமெல்லாம் மண் நிறம், அதற்கு நடுவே எரிவாயுக் குழாய்களின் உச்சியில் எந்நேரமும் நெருப்பு. நான் அந்த நெருப்பைப் பார்க்காத பக்கமாகத் திரும்பியே உட்காருவேன்.

என் வேலை காலையில் ஆறு மணிக்கு. மொரிடா சான் என்ற பொறியாளர்தான் தலைமை. அறுபதை நெருங்கியவர், கோபம் வந்தால் காது சிவக்கும். ஜப்பான்காரர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. சரிபார்க்கிற ஒவ்வொரு பொருளையும் விரல் நீட்டிக் காட்டி, அது சரி என்று வாய்விட்டுக் கத்த வேண்டும். உயரத்தில் ஏறுகிறவர்கள் இடுப்புப் பெல்ட்டின் கொக்கியைச் சாரக் கம்பியில் மாட்டியதும் அப்படிக் கத்த வேண்டும் என்றார். நான் யோசித்து, "கொக்கி சரி!" என்று தமிழாக்கிக் கொடுத்தேன். முதல் நாள் எல்லோரும் கூச்சப்பட்டுச் சிரித்தார்கள். வியாழக்கிழமை ஐம்பது பேர் விரலை நீட்டி "கொக்கி சரி!" என்று கத்தியபோது எனக்கே பெருமையாக இருந்தது.

அதில் முன்வரிசையில் நின்று உரக்கக் கத்தியவர் குமரேசன். பெரம்பலூர்ப் பக்கம், சாரம் கட்டுகிறவர். முப்பது வயதிருக்கும். கல்யாணமான நாலாவது மாதம் வந்தவர், இரண்டு வருஷமாக ஊருக்குப் போகவில்லை. வெள்ளிக்கிழமை சாயங்காலம்தான் மனைவி செல்வியோடு பேசுவார். அந்தப் பேச்சை வாரம் முழுக்க எதிர்பார்த்துக் கிடப்பார் என்று தவம் சொல்லியிருந்தார்.

வெள்ளிக்கிழமை விடுமுறை. மெஸ்ஸில் பிரியாணி. சாப்பிட்டு வந்து கண்ணயரலாம் என்று இருந்தவனைத் தவம் வந்து கூப்பிட்டார். "சேர், ஒரு சின்ன மொழிபெயர்ப்பு வேலை இருக்கு. ஒருக்கா றூமுக்கு வாங்கோ." சைட் சமாச்சாரம் என்று நினைத்து நோட்டுப் புத்தகத்தோடு போனேன். ஐயோ, அந்த நோட்டுப் புத்தகம்! இன்றைக்கு நினைத்தாலும் கூசுகிறது.

அறையில் ஆறு பேர். ஜன்னலுக்குப் போர்வை கட்டியிருந்தது. குமரேசன் அரிசி டின்னுக்குள் கையை விட்டு நாலு டிஸ்க்குகளை எடுத்தார். ஜப்பானில் வயது வந்தவர்களுக்கென்று எடுக்கிற படங்கள். எங்கிருந்தோ வந்து மூன்று வருஷமாக கேம்ப் கேம்பாகச் சுற்றுகிறதாம். இந்த நாட்டில் அதைக் கையில் வைத்திருந்தாலே ஜெயில், அப்புறம் ஊருக்கு விமானம். நான் எழுந்தேவிட்டேன். "பயப்பிடாதேங்கோ சேர், கதவு பூட்டியாச்சு. நாங்கள் எத்தினை தரம் பாத்திருப்பம், ஒரு சொல்லும் விளங்கேல்லை. கதை என்னெண்டு மட்டும் சொல்லுங்கோ" என்றார் தவம்.

விஷயம் என்னவென்றால், கதையைப் பற்றி கேம்ப்பில் பெரிய சண்டையே நடந்துகொண்டிருந்தது. படத்தில் வருகிற ஆள் மாமனார் என்று ஒரு கட்சி, வீட்டு ஓனர் என்று ஒரு கட்சி. நான் ஒரு கண்ணைக் கதவிலேயே வைத்துக்கொண்டு டிஸ்க் உறைகளில் அச்சிட்டிருந்ததைப் படித்தேன். நாலிலும் ஒரே சங்கதிதான். கணவன் வேலையாக வெளியூரில், மனைவி தனியாக வீட்டில். வருகிறவன்தான் மாறுகிறான். ஒன்றில் மேலதிகாரி, ஒன்றில் பக்கத்து வீட்டுக்காரன், ஒன்றில் கணவனின் தம்பி, ஒன்றில் குழாய் ரிப்பேர்க்காரன். "அடப்பாவிகளா, ஒலகத்துல வேற கதையே கெடைக்கலையாடா?" என்று மூலையிலிருந்து ஒருவர் சொன்னார். சிரிப்பு வந்தது, ஆனால் சட்டென்று அடங்கிவிட்டது. அங்கே இருந்த ஆறு பேரும் வெளியூரில் இருக்கும் கணவன்மார்கள். ஏழாவது நான்.

கதவு தட்டப்பட்டது. என் உயிர் போய்விட்டது. மெஸ்காரர் டீ கொண்டுவந்திருந்தார்.

டீ குடிக்கும்போது குமரேசன் மெதுவாகக் கேட்டார். "ஒரே ஒரு எடம் சார். மத்ததெல்லாம் வேணாம்." மேலதிகாரி வரும் படத்தை ஓட்டி ஓர் இடத்தில் நிறுத்தினார். அங்கே என்ன நடக்கிறது என்று நான் எழுதப் போவதில்லை. டெலிபோன் மணி அடிக்கிறது, மனைவி எடுக்கிறாள், மறுமுனையில் வெளியூர்க் கணவன் என்பது மட்டும் போதும். "இந்தம்மா போன்ல என்ன சார் சொல்லுது?"

தெரியவில்லை என்று சொல்லியிருக்கலாம். சொல்லியிருக்க வேண்டும். ஆனால் பதினோரு வருஷப் பழக்கம். காதில் விழுந்தால் வாய் தானாகத் தமிழில் சொல்லிவிடும், அதுவும் ஒரு சொல் கூடாமல் குறையாமல். "சாப்பிட்டீங்களா? உடம்பைப் பாத்துக்குங்க. இல்லல்ல, ஒண்ணுமில்ல, மாடிப்படி ஏறி ஓடிவந்தேன், அதான் மூச்சு வாங்குது" என்று சொன்னேன். நன்றாக மொழிபெயர்த்துவிட்ட திருப்தியில் டீயையும் ஒரு வாய் குடித்தேன்.

குமரேசன் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வெளியே போய்விட்டார். தவம்தான் என்னிடம் சொன்னார். "என்ன சேர் நீங்கள்! அவன்ர மனிசி ஒவ்வொரு கிழமையும் அதைத்தான் சொல்லுறவ. அவையின்ர வீட்டில கீழ சிக்னல் குறைவு, மணி அடிக்கும், கதைக்க ஏலாது. போன் அடிச்சா மொட்டை மாடிக்கு ஓட வேணும். மூச்சு வாங்க வாங்கத்தான் கதைப்பா."

அன்று சாயங்காலம் குமரேசன் ஊருக்குப் பேசவில்லை. சிம் கார்டைக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டார். நான் என் அறையில் உட்கார்ந்து கீதாவுக்குப் போன் செய்தேன். பத்துத் தடவை மணி அடித்த பிறகுதான் எடுத்தாள். "ஏன் இவ்வளவு நேரம்?" என்றேன். "குக்கர் எறக்கிட்டிருந்தேன். ஏன், என்ன அவசரம்?" பின்னால் ஓர் ஆண் குரல் இருமியது. நான் போனைக் காதோடு அழுத்திக்கொண்டேன். "யாரு அது?" "டிவி சீரியல். உங்களுக்கு என்ன ஆச்சு?" ஒன்றுமில்லை என்று வைத்துவிட்டேன். வைத்த பிறகும், அந்த நேரத்தில் என்ன சீரியல் வரும் என்று யோசித்துக்கொண்டிருந்தேன். எனக்கு வெட்கமாக இருந்தது, ஆனாலும் யோசித்தேன்.

சனிக்கிழமை காலை "கொக்கி சரி!" என்ற சத்தத்தில் குமரேசன் குரல் இல்லை. வாய் மட்டும் அசைந்தது. அவசர லீவு கேட்டு எழுதிக் கொடுத்துவிட்டார் என்று வேனில் தவம் சொன்னார். ஒப்பந்தம் முடியுமுன் போனால் திரும்ப வர முடியாது. என்னால் ஒரு குடும்பம் குட்டிச்சுவராகப் போகிறதே என்று சோறு இறங்கவில்லை. மத்தியானம் சாரத்தின் நிழலில் உட்கார்ந்திருந்தவரிடம் போனேன். பொய் சொல்வதென்று முடிவு செய்திருந்தேன்.

"குமரேசன், நான் நேத்து தப்பா சொல்லிட்டேன். அவசரத்துல மாறிப்போச்சு. அந்தம்மா அப்படிச் சொல்லவே இல்ல."

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். "அப்ப பெல்ட்டு, கொக்கி, எத்தன கிலோ தாங்கும், எங்க மாட்டணும்னு சொன்னீங்களே, அதுவும் தப்பா சார்? நீங்க சொன்னத நம்பித்தான அம்பது பேரும் மேல ஏறுறோம்?"

தப்பு என்றால் அத்தனை பேரும் நாளை எதை நம்பி ஏறுவார்கள்? "அது சரிதான்" என்றேன். "இதுவும் சரிதான்" என்று அவரே முடித்துக்கொண்டார். பிறகு, என்னைப் பார்க்காமல், "சொல்லாம கொள்ளாம போயி நிக்கணும் சார். அப்பத்தான் தெரியும்" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை பதினொரு மணிக்கு மொரிடா சான் அலறினார். சாரத்தின் மூன்றாவது தட்டில் குமரேசன் நின்றிருந்தார், கொக்கி காற்றில் தொங்கிக்கொண்டிருந்தது. எங்கும் மாட்டவில்லை. கீழே இரும்பும் கான்கிரீட்டும். "அவனை இறக்கு! அசையாமல் நின்று கொக்கியை மாட்டச் சொல்!" அவர் கத்த, நான் தமிழில் கத்த, என் குரல் உடைந்து வேறு யாரோ கத்துவதுபோல் கேட்டது. குமரேசன் தூக்கத்திலிருந்து விழித்தவர்போல இடுப்பைத் தடவிப் பார்த்து மாட்டினார். ஒவ்வொரு தட்டாக இறங்கி வந்தார். இன்னொரு தடவை இப்படி நடந்தால் அன்றைக்கே ஊருக்கு அனுப்பிவிடுவேன் என்றார் மொரிடா சான். அதையும் நான்தான் தமிழில் சொன்னேன்.

திங்கட்கிழமை மத்தியானம் மொரிடா சான் என்னைத் தன் கேபினுக்குக் கூப்பிட்டார். கடற்பாசி சுற்றிய சோற்று உருண்டை ஒன்றை என் பக்கம் தள்ளினார். உள்ளே ஊறுகாய்ப் பழம். மாவடுவில் உப்பை இரண்டு மடங்காகப் போட்டால் வருமே, அந்த ருசி. "நல்ல வேலைக்காரன். ஏன் இப்படி ஆனான்?" என்று கேட்டார். டிஸ்க் சமாச்சாரத்தைச் சொன்னால் ஆறு பேர் கதி என்னவாகும்? படம் எங்கே, யாருடையது என்று மட்டும் கேட்காதீர்கள் என்று கும்பிட்டுவிட்டு எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன்.

அவருக்குக் காது சிவந்தது. இந்தத் தடவை கோபத்தினால் இல்லை. "மாடிப்படி வசனமா?" என்றார். "அது எல்லாப் படத்திலும் வரும். எழுதுகிறவனுக்கு வேறு காரணம் தோன்றாது." எத்தனை படம் பார்த்தீர்கள் என்று நான் கேட்கவில்லை. வேலைக்காகக் குடும்பத்தை விட்டுத் தனியே போவதற்கென்றே அவர்கள் மொழியில் ஒரு சொல் இருக்கிறது. அந்தச் சொல்லைச் சொல்லித் தன்னைச் சுட்டிக் காட்டினார். "எனக்கு இருபது வருஷம். தனியாக இருக்கிறவனுக்கு எதில் பயமோ அதைத்தான் எடுத்து விற்கிறார்கள். வாங்குகிறவனும் அவன்தான். நான் இந்தோனேசியாவில் இருந்தபோது என் மனைவி போனில் மூச்சு வாங்குவாள். நானும் ஒரு வருஷம் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டேன். ஏன் என்று ஒரு நாளும் கேட்கவில்லை. அவளுக்கு நெஞ்சில் கோளாறு. அண்டை வீட்டாருக்குத் தெரிந்த பிறகு எனக்குத் தெரிந்தது."

"இப்போது எப்படி இருக்கிறார்?"

"பரவாயில்லை. ஆபரேஷன் ஆனது. இன்னும் அதைச் சொல்லிக் காட்டுகிறாள்." சோற்று உருண்டையைச் சாப்பிடச் சொல்லிவிட்டு வரைபடத்தை விரித்தார்.

சாயங்காலம் இதை அப்படியே குமரேசனிடம் சொன்னேன். கூடாமல் குறையாமல். அவர் முகம் மாறவில்லை. "செல்விக்கு நெஞ்சு வலியெல்லாம் கெடையாது சார்" என்றார். கொஞ்சம் நடந்து போய்விட்டு, "கெடையாதுன்னுதான் நெனைக்கிறேன்" என்றார்.

செவ்வாய்க்கிழமை நான் கிளம்ப வேண்டும். சாப்பாட்டு இடைவேளை, தலைக்கு மேல் வெயில். பெட்டியை வேனில் ஏற்றிக்கொண்டிருந்தபோது குமரேசன் வந்தார். "ஒங்க போன்லேருந்து கூப்பிடுங்க சார். அவளுக்குத் தெரியாத நம்பரு. வேல நாளு, மத்தியான நேரம். எதிர்பாக்கவே மாட்டா. ஸ்பீக்கர்ல போடுங்க. நான் இருக்கேன்னு சொல்லாதீங்க."

மாட்டேன் என்றுதான் சொல்ல நினைத்தேன். முந்தாநாள் காற்றில் தொங்கிய கொக்கி ஞாபகம் வந்தது. அவர் சொல்லச் சொல்ல எண்களை அமுக்கினேன். அவள் மூச்சு வாங்கினால்? எடுக்காமலே போனால்? கடவுளே, நிஜமாகவே ஏதாவது இருந்துவிட்டால்? தவம் வேனின் எஞ்ஜினை அணைத்தார்.

முதல் மணி முழுதாக அடிக்கவில்லை, எடுத்துவிட்டாள்.

"ஹலோ? யாருங்க? கேம்ப்லேருந்தா? அவருக்கு ஒண்ணுமில்லையே?" குரல் தெளிவாக, பக்கத்தில் நின்று பேசுகிற மாதிரி இருந்தது. மூச்சு கொஞ்சமும் வாங்கவில்லை.

"நல்லா இருக்கார்மா. நான் கூட வேலை செய்யறவன்" என்றேன்.

"நாலு நாளா போனு ஆஃப்புல கெடக்குங்க. என்னமோ ஏதோன்னு..."

குமரேசனின் நெற்றி சுருங்கியது. போனைப் பிடுங்கினார். "ஏன்டி, இன்னிக்கு மட்டும் மூச்சு வாங்கல? மாடிக்கு ஓடியாரலையா?" பாவி மனுஷன், வாங்கினாலும் சந்தேகம், வாங்காவிட்டாலும் சந்தேகம். எனக்கு அவரை அறைய வேண்டும்போல் இருந்தது.

அந்தப் பக்கம் செல்வி பேச ஆரம்பித்தாள்.

"நான் எங்க கீழ எறங்குனேன், ஓடியார்றதுக்கு? வெள்ளிக்கெழம சாயங்காலத்துலேருந்து இங்கதான ஒக்காந்துருக்கேன். கீழ போனா, நீங்க கூப்புடுறப்ப கட்டாயிருமே."

"இந்த வெயில்லயா?"

"தலையில ஈரத்துண்டு போட்டுருக்கேன்."

குமரேசன் வேன் டயரைப் பிடித்துக்கொண்டு தரையில் குந்திவிட்டார். "எறங்குடி. மொதல்ல கீழ போ" என்றார்.

"எறங்குனா லைன் போயிருங்க."

"போவட்டும். நீ போயி தண்ணி குடி. நான் திருப்பிக் கூப்புடுறேன்."

"நெசமா?"

"நெசமாத்தான் தாயி, போ."

பையிலிருந்து சிம் கார்டை எடுத்துத் தன் போனில் போட்டார். விரல்களில் இரும்புத் துருவும் வேர்வையும், இரண்டு தடவை கீழே விழுந்தது. கொஞ்சம் பொறுத்து அவரும் ஸ்பீக்கரில் போட்டு அழைத்தார். மணி அடித்துக்கொண்டே இருந்தது. பிறகு எடுத்த சத்தம், படியில் தடதடவென்று கால் சத்தம், கதவு சத்தம், அதற்கப்புறம் அவள் மூச்சு. இரைக்க இரைக்க, பேச முடியாமல், மூச்சு மட்டும். குமரேசன் போனைக் காதோடு சேர்த்துப் பிடித்துக் கண்ணை மூடிக்கொண்டார். அவளிடம் ஒன்றும் கேட்கவில்லை. நான் ஏறிக்கொள்ள, தவம் வேனை மெதுவாக எடுத்தார். திரும்பிப் பார்த்தபோதும் அவர் அப்படியேதான் குந்தியிருந்தார்.

"லீவுக் கடிதத்தைக் கிழிக்கச் சொல்லட்டோ?" என்றார் தவம். "சொல்லுங்க. டிஸ்க்கையும் ஒடைச்சுப் போடுங்க" என்றேன். "அது நடக்காது சேர்" என்று சிரித்தார்.

மறுநாள் விடிகாலை சென்னை வந்து சேர்ந்தேன். எங்கள் வீடு மூன்றாவது மாடி, லிஃப்ட் கிடையாது. கதவு பூட்டியிருந்தது. இந்த நேரத்தில் எங்கே போயிருப்பாள் என்று பத்து நிமிஷம் பூட்டைப் பார்த்துக்கொண்டு நின்றேன். கீழேயிருந்து பால் பாக்கெட்டோடு கீதா வந்தாள், படியேறி, மூச்சு வாங்க. "வந்தாச்சா? சாப்பிட்டீங்களா?" என்றாள். நான் ஒன்றும் கேட்கவில்லை. கேட்காமல் இருக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.